ஓடாக் குதிரையும் மாறா வெப்பநிலையும்: பாட ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்வழியில் அறிவியலும் கணக்கும் சமூக அறிவியலும் நடத்துகிற சக ஆசிரியர்களுக்கு,

வணக்கம்.

நான் அரசு உயர்நிலைப் பள்ளி ஒன்றில் அறிவியல் ஆசிரியை. கரிசல் காட்டு ஊர். எங்கள் பிள்ளைகளின் வீடுகளில் பாதி, தீப்பெட்டி ஆபீஸை நம்பி இருப்பவை. மீதி, மழையை நம்பி இருப்பவை. இருபத்திரண்டு வருடமாக இதே வேலை. இந்த மடலில் யாரையாவது குறை சொல்கிற மாதிரி இருந்தால், அந்தப் பட்டியலில் முதல் பெயர் என்னுடையது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சில வருடங்களுக்கு முன்பு பத்தாம் வகுப்பில் ஓம் விதி நடத்திவிட்டு, மறுநாள் கேள்வி கேட்டேன். முதல் பெஞ்சில் ஒரு மாணவி எழுந்து மூச்சு விடாமல் ஒப்பித்தாள். "மாறா வெப்பநிலையில், கடத்தியின் வழியே பாயும் சீரான மின்னோட்டம், கடத்தியின் முனைகளுக்கு இடையே உள்ள மின்னழுத்த வேறுபாட்டிற்கு நேர்த்தகவில் அமையும்." ஓர் எழுத்து பிசகவில்லை. வழக்கமாக இந்த இடத்தில் "வெரிகுட், உட்காரு" என்று சொல்லியிருப்பேன். அன்றைக்கு என்னவோ தோன்றியது. "சரிம்மா, அப்போ வெப்பநிலை மாறணுமா, மாறக் கூடாதா?" என்று கேட்டேன்.

கொஞ்சம் யோசித்தாள். "மாறணும் டீச்சர்."

வகுப்பையே கேட்டேன். பாதிக்கு மேல் கைகள் "மாறணும்" பக்கம் எழுந்தன. கடைசி பெஞ்சுப் பையன் ஒருவன் மட்டும் கை தூக்கவே இல்லை. ஏன்டா என்றால், "அறை வெப்பநிலைன்னு ஒண்ணு இருக்குல்ல டீச்சர், அது மாதிரி மாறா வெப்பநிலைன்னு ஒரு வெப்பநிலை போலன்னு நெனச்சேன்" என்றான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த விதியை நான் பதினைந்து வருடம் நடத்தியிருந்தேன். எத்தனை பேர் இப்படி நினைத்துக்கொண்டு முழு மதிப்பெண் வாங்கிப் போனார்களோ!

இடைவேளையில் ஆசிரியர் அறையில் புலம்பினேன். தமிழ் ஐயா டீயை ஆற்றிக்கொண்டே, "அது ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம்ல டீச்சர்? ஓடாக் குதிரைன்னு எடுத்துக்காட்டு போட்டுத்தானே நடத்தினேன். நீங்க சொல்ற புள்ள அதுல ஒரு மார்க்கூட விடலையே" என்றார்.

அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது. ஒரே பிள்ளை, ஒரே வகுப்பறை, ஒரே கட்டடம். தமிழ்த் தாளில் 'ஓடாக் குதிரை'க்கு இலக்கணக் குறிப்பு எழுதி மதிப்பெண் வாங்குகிறது. அடுத்த பீரியடில் 'மாறா வெப்பநிலை' கண் முன்னால் வந்து நின்றால் அடையாளம் தெரியவில்லை. தமிழ் ஐயா கொடுத்த சாவியும் என்னிடம் இருந்த பூட்டும் சந்தித்துக்கொள்ளவே இல்லை. மறுநாள் கரும்பலகையில் இரண்டையும் ஒன்றன் கீழ் ஒன்றாக எழுதினேன். "ஓடாத குதிரை... மாறாத வெப்பநிலை!" என்று அந்த மாணவியே கத்தினாள். நாற்பது விநாடிகூட ஆகவில்லை.

இந்த மடலை எழுத வைத்தது அந்த நாற்பது விநாடிதான்.

நாம் கலைச்சொல்லை விடாமல் நடத்துகிறோம். அதில் குறையே சொல்ல முடியாது. புத்தகத்தில் தடித்த எழுத்தில் ஒரு சொல் வந்தால் அதற்கு வரையறை, படம், செயல்பாடு, ஒரு மதிப்பெண் கேள்வி எல்லாம் உண்டு. மின்னழுத்த வேறுபாடு என்பதற்கு மேல்நிலைத் தொட்டியைக் காட்டுகிறோம், வோல்ட்மீட்டரை இணைத்துக் காட்டுகிறோம். ஆனால் ஓம் விதியில் கலைச்சொற்களை எடுத்துவிட்டுப் பாருங்கள். மாறா, வழியே, சீரான, இடையே உள்ள, நேர்த்தகவில் அமையும். இவை மிச்சம். விதி சொல்ல வந்த விஷயம் முழுக்க இந்த மிச்சத்தில்தான் இருக்கிறது. இவற்றை யாரும் தடித்த எழுத்தில் போடுவதில்லை. இவை எந்தப் பாடத்துக்கும் சொந்தமில்லை; அதனால் எந்த ஆசிரியருக்கும் சொந்தமில்லை. தமிழ்தானே, தமிழ்ப் பிள்ளைக்குத் தெரியாதா என்று விட்டுவிடுகிறோம்.

தெரியாது. புத்தகத் தமிழ் யாருடைய வீட்டிலும் பேசுகிற தமிழ் கிடையாது. எந்த அம்மாவும் பிள்ளையிடம், "வெப்பப்படுத்தப்படும்போது பால் பொங்கும் எனில் அடுப்பைத் தணிக்கவும்" என்று சொல்வதில்லை. வீட்டில் செய்தித்தாளோ கதைப் புத்தகமோ புழங்குகிற பிள்ளைக்கு இந்த நடை காதிலும் கண்ணிலும் பட்டுப் பட்டுப் பழகிவிடும். பெட்டி ஒட்டுகிற வீட்டுப் பிள்ளைக்கு அது பள்ளியில் மட்டும்தான் கிடைக்கும். பள்ளியிலும் நாம் அதைக் கற்றுக்கொடுக்கவில்லை என்றால் அந்தப் பிள்ளைக்கு வேறு கதியில்லை. பிறகு நாமே அவர்களுக்கு 'மெல்லக் கற்போர்' என்று பெயர் வைத்து, தனியாக உட்கார வைத்து, முக்கியமான கேள்விகளை மட்டும் பத்துத் தடவை எழுத வைக்கிறோம். அதில் பாதிப் பேர் மெல்லக் கற்பவர்கள் என்று நான் இப்போது நம்பவில்லை. எழுதின தமிழ் பிடிபடாதவர்கள், அவ்வளவுதான்.

1979-ல் கனடாவில் ஜிம் கம்மின்ஸ் என்ற ஆய்வாளர் இதை வேறொரு கோணத்தில் எடுத்துச் சொன்னார். குடியேறி வந்த குடும்பத்துப் பிள்ளைகள் இரண்டு வருடத்தில் விளையாட்டு மைதானத்தில் ஆங்கிலத்தில் சரளமாகப் பேசி வெளுத்துக் கட்டுவார்கள். ஆசிரியர்களும் மொழிப் பிரச்சினை தீர்ந்தது என்று நினைத்துவிடுவார்கள். வகுப்பில் பாடம் படிக்கிற மொழி கைவர ஐந்து வருடம், ஏழு வருடம்கூட ஆகும். பேசுகிற மொழி வேறு, படிக்கிற மொழி வேறு என்று அவர் பிரித்துக் காட்டினார். அதற்கும் முன்னாலேயே, 1975-ல், இங்கிலாந்தில் மொழி கற்பித்தலை ஆராய அரசு அமைத்த புல்லக் குழு எல்லாப் பாட ஆசிரியர்களுக்கும் மொழியில் பொறுப்பு உண்டு என்று அறிக்கை கொடுத்துவிட்டது. நம்முடைய பி.எட். ஈராண்டுப் படிப்பாக மாறியபோது, பாடங்கள் அனைத்திலும் மொழி என்ற பொருளில் தனித் தாளே வந்தது. இளைய ஆசிரியர்கள் அதை எழுதித் தேறித்தான் வந்திருக்கிறார்கள். நான் படித்த காலத்தில் பி.எட். ஓராண்டு, அந்தத் தாளும் கிடையாது. எழுதினவர்களும் எழுதாதவர்களும் வகுப்பில் ஒரே மாதிரிதான் நடத்துகிறோம் என்பது வேறு விஷயம்.

கம்மின்ஸ் பார்த்த பிள்ளைகளுக்காவது வேறு மொழி என்று தெரியும். நம் பிள்ளைகளுக்கு வந்த சங்கடம், இரண்டுக்கும் 'தமிழ்' என்றே பெயர்.

நம்மில் பெரும்பாலோர் எப்படி நடத்துகிறோம்? பாடத்தைப் பேச்சுத் தமிழில், உள்ளூர் உதாரணத்தோடு, நன்றாகத்தான் விளக்குகிறோம். பிள்ளைகளுக்கும் புரிகிறது. அப்புறம், "சரி, இப்போ பக்கம் 47, வினா 3, விடையைக் குறிச்சுக்கோங்க" என்கிறோம். புத்தகத்தில் பென்சில் அடைப்புக்குறி விழுகிறது. விளக்கம் ஒரு கரையில், விடை மறு கரையில். நடுவே ஆறு ஓடுகிறது. நாம் இந்தக் கரையில் நின்று பேசிவிட்டு, அந்தக் கரையில் போய் நின்று விடைத்தாளை வாங்கிக்கொள்கிறோம். ஆற்றைக் கடக்க வேண்டியது பத்து வயதுப் பிள்ளை. அது கடக்காது, மனப்பாடம் செய்யும்.

கலைச்சொற்கள் கடினம், அவற்றை மாற்ற வேண்டும் என்று அடிக்கடி ஒரு குரல் எழும். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. நம் கலைச்சொற்களுக்குப் பின்னால் பெரிய உழைப்பு இருக்கிறது. 1847-ல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மருத்துவர் சாமுவேல் கிறீன் மானிப்பாயில் தமிழிலேயே மருத்துவம் கற்பித்தார். 1916-ல் சேலத்தில் ராஜாஜியும் நண்பர்களும் அறிவியல் சொல்லாக்கத்துக்கென்றே ஒரு சங்கம் வைத்தார்கள். இன்றைக்கு நாம் 'முடுக்கம்' என்பதை இலங்கைப் பிள்ளைகள் 'ஆர்முடுகல்' என்று படிக்கிறார்கள். நமக்கு இயற்பியல், அவர்களுக்குப் பௌதிகவியல். எந்தச் சொல் அழகு என்று பட்டிமன்றம் வைத்துக்கொள்ளலாம். எந்தச் சொல்லைக் கொடுத்தாலும், சொல்லிக்கொடுத்தால் பிள்ளை கற்றுக்கொள்ளும் என்பதற்கு இரண்டு கரையும் சாட்சி.

பல கலைச்சொற்கள் நம் அடுப்படியில் இருந்து போனவைதான். 'தெவிட்டிய கரைசல்' என்பதைப் பாருங்கள். ஒன்பதாம் வகுப்பில் ஒரு கிளாஸ் தண்ணீரில் உப்பைப் போட்டுப் போட்டுக் கலக்கச் சொன்னேன். "ஒரு கட்டத்துக்கு மேல கரைய மாட்டேங்குது டீச்சர், அடியிலயே நிக்குது" என்றாள் ஒருத்தி. பாயசம் நாலாவது டம்ளர் கொடுத்தா என்ன சொல்லுவே என்று கேட்டேன். "திகட்டுது, போதும்பேன்." அந்தத் திகட்டுதான் இந்தத் தெவிட்டு, தண்ணீருக்கு உப்பு திகட்டிவிட்டது என்றதும் வகுப்பு முழுக்க ஒரே சிரிப்பு. அந்தச் சொல்லை அப்புறம் யாரும் மறக்கவில்லை. ஆனால் அன்றும் இடறியது எது தெரியுமா? புத்தக வாக்கியம். 'எந்த ஒரு கரைசலில் மேலும் கரைபொருளைக் கரைக்க இயலாதோ, அது' என்று போகிற அமைப்பு. 'எந்த... ஓ, அது' என்று நம் ஊரில் யாரும் பேச மாட்டார்கள். 'எந்த' என்று பார்த்ததும் பிள்ளைகள் கேள்வி என்று நினைத்துவிட்டார்கள். ஒரு பையன் வாக்கியத்தின் கடைசியில் கேள்விக்குறியே போட்டு எழுதியிருந்தான்.

சொற்களிலும் சிக்கல் உண்டு, இல்லை என்று சொல்லவில்லை. அது பெரும்பாலும் தெரியாத சொல்லால் வருவதில்லை. தெரிந்த சொல்லால் வருகிறது. 'தொகுதி' என்ற ஒரு சொல்லை எடுத்துக்கொள்வோம். ஊரில் தொகுதி என்றால் சட்டமன்றத் தொகுதி. கணக்கு பீரியடில் பின்னத்தின் மேலே இருப்பது தொகுதி. வேதியியலில் தனிம வரிசை அட்டவணையின் நெடுவரிசை தொகுதி. விலங்கியலில் கணுக்காலிகள் ஒரு தொகுதி, மெல்லுடலிகள் ஒரு தொகுதி. ஒரே நாளில் ஒரே பிள்ளை இந்த நான்கு தொகுதிக்கும் போய்விட்டு வரவேண்டும். பின்னத்தின் கீழே இருக்கிற 'பகுதி' இதற்குச் சளைத்தது இல்லை. தமிழ் பீரியடில் பகுபதத்தின் முதல் உறுப்பு பகுதி, சமூக அறிவியலில் வறண்ட பகுதி. "வினைச்சொல்லோட பகுதி மேல வருமா கீழ வருமா?" என்று ஒருவன் தமிழ் ஐயாவிடமே கேட்டிருக்கிறான். அடி விழுந்திருக்குமோ என்று பயந்தேன், ஐயா சிரித்துவிட்டார்.

மின்தடை கதை உங்களுக்கும் நடந்திருக்கும். "நாளை காலை 9 மணி முதல் மின்தடை" என்று செய்தித்தாளில் பார்த்து வளர்ந்த பிள்ளையிடம் போய், கடத்தியின் மின்தடை 5 ஓம் என்கிறோம். கரண்டே இல்லாத இடத்தில் எதற்கு கணக்கு என்று அது குழம்புகிறது.

'வேலை' இன்னும் மோசம். விசை செயல்பட்டும் பொருள் நகரவில்லை என்றால் செய்யப்பட்ட வேலை சுழி என்று நடத்திக்கொண்டிருந்தேன். சுழி என்றாலே எங்கள் பிள்ளைகளுக்கு முதலில் மாட்டுச் சுழிதான் ஞாபகம் வரும், அது கிடக்கட்டும். ஒரு பையன் எழுந்து, "எங்க அப்பா சுமை தூக்குறவரு. லாரி வர்ற வரைக்கும் மூட்டையைத் தோள்ல வச்சுக்கிட்டு நிப்பாரு. அது வேலை இல்லையா டீச்சர்?" என்று கேட்டான். அவன் குரலில் கோபம் இருந்தது, நியாயமான கோபம். முன்பு இருந்த நானாக இருந்தால் "இயற்பியல்படி இல்லை, உட்காரு" என்றிருப்பேன். அன்றைக்கு, இயற்பியல் அந்தச் சொல்லை நம்மிடமிருந்து இரவல் வாங்கி, தன் வசதிக்கு அதைச் சுருக்கிக்கொண்டது, உங்க அப்பாவுக்குக் கூலி கொடுக்க அந்தச் சூத்திரம் செல்லாது என்று சொன்னேன். அவனுக்கு வேலையும் புரிந்தது, இடப்பெயர்ச்சியும் புரிந்தது.

எல்லோரும் இப்படிக் கேட்டுவிடுவதில்லை. ஒருவனை நானே வாயடைத்திருக்கிறேன். பணியில் சேர்ந்த புதிதில், ஆவியாதல் பற்றிக் கேட்டபோது ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன், "வெயில்ல போட்டா சேலை வெரசா காஞ்சிரும், மடிச்சுப் போட்டா காயாது, காத்தடிச்சா இன்னும் வெரசா காயும்" என்று அடுக்கினான். மூன்று காரணியும் அதற்குள் இருக்கிறது: வெப்பநிலை, பரப்பு, காற்றின் வேகம். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "வெரசா கிரசான்னு பேசாதே, புத்தகத்துல இருக்கிற மாதிரி சொல்லு." அந்த வருடம் முழுக்க அவன் என் வகுப்பில் மறுபடி வாய் திறக்கவில்லை. அறிவியல் அவனிடம் இருந்தது. அதை எழுத்துத் தமிழுக்குக் கொண்டுவருவது எப்படி என்று சொல்லிக்கொடுக்க வேண்டிய நான் அவனை உட்கார வைத்தேன்.

இப்போது என்ன செய்கிறேன் என்று சொல்கிறேன். பெரிய முறை எதுவும் இல்லை. கரும்பலகையில் நடுவில் ஒரு கோடு. இடப்பக்கம் 'நாம சொல்றது', வலப்பக்கம் 'புத்தகம் சொல்றது'. சோதனை முடிந்ததும் பிள்ளைகள் சொல்வதை அவர்கள் வாயில் வந்தபடியே இடப்பக்கம் எழுதுவேன். 'வெயில்ல போட்டா வெரசா காயும்.' இதை வலப்பக்கம் கொண்டுபோக என்னென்ன மாற வேண்டும் என்று கேட்பேன். 'காயும்' என்பது 'ஆவியாகும்' ஆகும். சரி. அடுத்தது, சேலை போய்விடும்; எந்த ஈரத்துக்கும் பொருந்த வேண்டுமே. பிறகு 'ஆவியாகும்' என்ற வினை 'ஆவியாதல்' என்ற பெயராகும். இந்த இடம் முக்கியம். நடக்கிற ஒன்றைப் பொருள் மாதிரிப் பிடித்து வைத்தால்தான் அதற்கு ஒரு வேகம் இருக்கிறது, அது எதையோ சார்ந்திருக்கிறது என்றெல்லாம் பேச முடியும். தமிழ் ஐயா சொன்னார், அது தொழிற்பெயர். அறிவியல் புத்தகம் முழுக்கத் தொழிற்பெயர்தான்: கரைதல், உருகுதல், எரிதல், பதங்கமாதல். இத்தனை நாள் அதை ஒரு மதிப்பெண் இலக்கணமாகவே நினைத்திருந்தேன். கடைசியில் வலப்பக்கத்தில் வந்து நிற்பது: 'வெப்பநிலை அதிகரிக்கும்போது ஆவியாதல் வீதம் அதிகரிக்கும்.' வீதம் என்றால்? "ஆளுக்கு ரெண்டு வீதம் முட்டாய் குடுத்தாங்கன்னு சொல்லுவோம்ல, அதுவா டீச்சர்?" அதுவேதான், இங்கே ஆளுக்குப் பதில் நேரத்துக்கு.

இடப்பக்கத்தை நான் அழிப்பதில்லை. அதுவும் குறிப்பேட்டில் ஏறும்.

செயப்பாட்டு வினைக்கும் இதே கதை. 'நீர் வெப்பப்படுத்தப்படும்போது' என்றால், "யாரு டீச்சர் வெப்பப்படுத்துறது?" என்று ஆறாம் வகுப்பில் ஒரு குட்டி கேட்டது. நல்ல கேள்வி. நீ சூடு பண்ணினாலும் அதுதான் நடக்கும், நான் பண்ணினாலும் அதுதான் நடக்கும், அதனால்தான் புத்தகம் ஆளைச் சொல்லவில்லை என்றேன். "அப்போ சமூக அறிவியல்ல 'நிலங்கள் பறிக்கப்பட்டன'ன்னு வருதே, அங்கேயும் யாரு பண்ணினாலும் ஒண்ணுதானா?" என்று அடுத்த கேள்வி வந்தது. அதற்கு என்னிடம் பதில் இல்லை. சமூக அறிவியல் ஆசிரியர்கள் இந்த வரியைத் தயவுசெய்து இன்னொரு தடவை படிக்கவும்.

நேர்த்தகவை தீப்பெட்டி ஆபீஸ் கணக்கில் நடத்துகிறேன். பெட்டி ஒட்டினால் குரோஸுக்கு இவ்வளவு என்று கூலி. ஒரு குரோஸ் என்றால் 144 பெட்டி. இரண்டு மடங்கு ஒட்டினால் இரண்டு மடங்கு கூலி. இதுவரை எல்லோரும் வந்துவிடுவார்கள். "அப்போ வயசு கூடக்கூட உயரம் கூடுதே, அதுவும் நேர்த்தகவா?" என்று கேட்டால் "ஆமா" என்று ஒரு பெரிய சத்தம் வரும். அப்படியானால் பத்து வயதில் நாலரை அடி இருப்பவன் இருபது வயதில் ஒன்பது அடி இருக்க வேண்டும். சிரிப்பு அடங்கின பிறகு, 'கூடக்கூடக் கூடும்' என்பதற்கும் 'நேர்த்தகவில் அமையும்' என்பதற்கும் நடுவில் உள்ள வித்தியாசம் அவர்களுக்கே தெரிந்துவிடுகிறது. அறிவியல் புத்தகத்தில் நேர்த்தகவு என்று வருவது கணக்குப் புத்தகத்தில் நேர் விகிதம் என்று வருகிறது. இரண்டும் ஒன்றுதான் என்று யாராவது ஒருவர் சொல்ல வேண்டும். கணக்கு ஆசிரியர் நான் சொல்வேன் என்று நினைத்தார், நான் அவர் சொல்வார் என்று நினைத்தேன்.

அடுத்தது வினாத்தாள். வரையறு, விவரி, விளக்குக, காரணம் கூறுக, வேறுபடுத்துக, ஒப்பிடுக, தருவி, நிறுவுக. இந்தச் சொற்களுக்கு நாம் வகுப்பெடுத்திருக்கிறோமா? எங்கள் பிள்ளைகளுக்கு இவை எல்லாவற்றுக்கும் ஒரே பொருள்: 'தெரிந்ததை எல்லாம் எழுது'. காலாண்டுத் தேர்வில் நிறை, எடை வேறுபடுத்துக என்று கேட்டிருந்தேன். பாதிப் பேர் நிறை பற்றி ஒரு பத்தி, எடை பற்றி ஒரு பத்தி எழுதியிருந்தார்கள். எல்லா வாக்கியமும் சரி. வேறுபாடு மட்டும் இல்லை. அலகுக்கு எதிரே அலகு, அளக்கும் கருவிக்கு எதிரே கருவி என்று எதிரெதிரே நிறுத்துவதுதான் வேறுபடுத்துவது என்று அவர்களுக்கு யாரும் சொன்னதில்லை. சிலர் கோடு போட்டு அட்டவணை ஆக்கியிருந்தார்கள். இடப்பக்கம் அலகு, அதற்கு நேரே வலப்பக்கம் நிலவில் மாறும் என்று. கோடு போட்டால் வேறுபாடு ஆகிவிடும் என்று நாமே பழக்கியிருக்கிறோம்.

கூற்று, காரணம் கேள்வியைச் சொல்லாமல் இருக்க முடியாது. கூற்று: ஈரக் காற்றில் இரும்பு ஆணி துருப்பிடிக்கும். காரணம்: இரும்பைக் காந்தம் ஈர்க்கும். இரண்டும் உண்மை. ஆகவே பிள்ளைகள் கண்ணை மூடிக்கொண்டு, 'கூற்று, காரணம் இரண்டும் சரி, காரணம் கூற்றை விளக்குகிறது' என்று குறித்துவிடுவார்கள். 'காரணம்' என்று அச்சடித்திருந்தால் அது காரணமாகத்தானே இருக்கும் என்பது அவர்கள் நம்பிக்கை. ஒரு நாள் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு இப்படி எழுதினேன். கூற்று: நேற்று நான் பள்ளிக்கு வரவில்லை. காரணம்: எங்கள் வீட்டு மாடு கறுப்பு. "டீச்சர், மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுறீங்க!" என்றது வகுப்பு. மாடு கறுப்புதானே, பொய்யா என்றேன். "உண்மைதான், ஆனா அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?" அந்த 'என்ன சம்பந்தம்' என்ற கேள்விதான் அந்த வினாவின் உயிர். அதன் பிறகு, பிள்ளைகளே வீட்டில் உட்கார்ந்து இந்த மாதிரிக் கூற்றும் காரணமும் தயாரித்துக்கொண்டு வந்தார்கள். சில என்னைப் பற்றியும் இருந்தன.

இதற்கெல்லாம் நேரம் எங்கே இருக்கிறது என்று கேட்பீர்கள். நானும் கேட்டவள்தான். ஓம் விதியைப் பத்துத் தடவை எழுத வைக்கிற நேரத்தில் ஒரு தடவை பிரித்துக் காட்டிவிடலாம். பாடத்துக்கு ஒரே ஒரு வாக்கியம் போதும். அந்தப் பாடத்தின் முதுகெலும்பு எதுவோ அந்த வாக்கியம். மற்ற வாக்கியங்களைப் பிள்ளைகள் தாங்களே பிரித்துப் பார்க்கத் தொடங்குவதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

இது தமிழாசிரியர் வேலை என்று சொல்வீர்கள். பாதி உண்மை. ஆனால் தமிழ்ப் புத்தகத்தில் செய்யுளும் கதையும் கட்டுரையும் வரும். 'எனில்', 'சார்ந்து', 'ஒப்பிடும்போது', 'எதிர்த்தகவில்' என்று விதிகள் பேசுகிற மொழி நம் புத்தகத்தில்தான் இருக்கிறது.

புத்தகத்தையே பேச்சுத் தமிழில் எழுதிவிட்டால் என்ன என்று சில நண்பர்கள் கேட்கிறார்கள். எனக்கு அது பிள்ளைகளுக்குச் செய்கிற துரோகமாகப் படுகிறது. நாளைக்கு அவர்கள் நிலப் பத்திரம் படிக்க வேண்டும், மருந்துச் சீட்டோடு வரும் தாளைப் படிக்க வேண்டும், தேர்வாணையத் தேர்வு எழுத வேண்டும். அந்தத் தமிழைக் கையில் கொடுக்காமல், உனக்கு இது போதும் என்று வேறொன்றைக் கொடுத்து அனுப்ப நாம் யார்? ஆங்கிலவழிக்கு மாற்றிவிட்டால் தீர்ந்தது என்று நினைக்கிற பெற்றோரிடமும் ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் ஆங்கிலவழிப் பிரிவிலும் இதே ஆறுதான் ஓடுகிறது. அங்கே அகலம் இன்னும் அதிகம்.

பாடநூல் எழுதுகிறவர்கள் இதைப் படிக்க நேர்ந்தால் அவர்களுக்கும் இரண்டு வார்த்தை. உங்கள் வேலை லேசானது இல்லை என்று தெரியும். புதிய புத்தகங்களில் படங்களும் செயல்பாடுகளும் அருமையாக இருக்கின்றன. சில பக்கங்களில் மட்டும் ஆங்கிலத்தில் யோசித்த வாடை அடிக்கிறது. ஒரு வாக்கியத்தில் நாலு எச்சம், வினைமுற்று எங்கேயோ தொலைவில். அச்சுக்குப் போகும் முன் ஒரு கிராமத்துப் பள்ளிப் பிள்ளையை வாய்விட்டுப் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். எங்கே மூச்சு வாங்குகிறதோ அங்கே ஒரு முற்றுப்புள்ளி தேவை. பாடத்தின் பின்னால் கலைச்சொல் பட்டியல் போடுகிற இடத்தில், தமிழ்ச் சொல்லுக்கு ஆங்கிலச் சொல் கொடுத்தால் எங்கள் பிள்ளைக்கு எந்தப் பயனும் இல்லை. 'தொகுதி: இந்தப் பாடத்தில் இதன் பொருள் இது' என்று ஒரு வரி கொடுங்கள். கணக்கு, அறிவியல் குழுக்கள் ஒரே மேசையில் ஒரு மதியம் உட்கார்ந்தால் தகவு, விகிதம் பிரச்சினையும் முடிந்துவிடும்.

ஆசிரியர்களே, உங்களிடம் கேட்பது இதுதான். அக்கம்பக்கத்துப் பள்ளி ஆசிரியர்கள் கூடுகிற அடுத்த குறுவள மையக் கூட்டத்துக்கு வரும்போது, நீங்கள் நடத்துகிற பாடத்தில் இருந்து ஒரே ஒரு பக்கத்தைக் கொண்டுவாருங்கள். கலைச்சொற்களைப் பென்சிலால் அடித்துவிடுங்கள். மிச்சம் இருப்பதை உங்கள் பள்ளித் தமிழாசிரியரோடு உட்கார்ந்து படியுங்கள். எங்கள் தமிழ் ஐயா இந்த வருடக் கடைசியில் ஓய்வு பெறுகிறார். அதற்குள் பத்தாம் வகுப்பு அறிவியல் புத்தகம் முழுவதையும் அவரோடு ஒரு தடவை படித்து முடித்துவிட வேண்டும் என்று இருக்கிறேன். மதிய உணவு இடைவேளையில் நாளைக்கு அரைப் பக்கம் வீதம் போகிறது. நேற்று ஒளியியல் பாடத்தில் 'முழு அக எதிரொளிப்பு' வந்தது. எது எதைத் தழுவி நிற்கிறது, 'முழு' என்பது 'அக'வுக்கா 'எதிரொளிப்பு'க்கா என்று இருவரும் சண்டை போட்டு, மணி அடித்துவிட்டது. இன்றைக்கு விட்ட இடத்திலிருந்து தொடங்க வேண்டும்.

இப்படிக்கு,
ஓர் அறிவியல் ஆசிரியை